பாயசமும் முன்ஜாமீனும்

"முன்ஜாமீன்" என்ற சொல் காதில் விழுந்தாலே மத்திகிரியில் இருக்கும் என் நண்பருக்குக் கோபம் வந்துவிடுகிறது. இயல்பில் அவர் கோபக்காரர் அல்ல. ஓசூர்த் தொழிற்சாலை ஒன்றில் முப்பது வருஷம் லேத் மெஷினோடு மல்லுக்கட்டி ஓய்வு பெற்றவர். 1824-ல் ஏற்பட்ட அந்தப் பழைய மாட்டுப் பண்ணைப் பக்கம் காலையும் மாலையும் நடந்துவிட்டு வருவதைத் தவிர வேறு சுகம் அறியாதவர்.

ஆசை, மருமகன் ரூபத்தில் வந்தது. தங்கை மகன் ஒரு நிதி நிறுவனத்துக்கு ஏஜெண்டு. மாமாவின் கிராஜுவிட்டி, பிராவிடண்டு பண்டு எல்லாம் அங்கே போயின. ஆறு மாதம் வட்டி வந்தது. ஏழாம் மாதம் நிறுவனத்தின் கதவுக்குப் பூட்டு வந்தது. புகார் எழுதப்பட்டதும் மருமகன் அத்திப்பள்ளியைத் தாண்டிப் பெங்களூருக்குப் போய்விட்டான். தூரம் அதிகமில்லை, ஆனால் ராஜ்யம் வேறு. அங்கிருந்தபடியே முன்ஜாமீனுக்கு வக்கீல் வைத்திருக்கிறான்.

"பறித்தவனுக்கு முன்கூட்டியே பாதுகாப்பு! பறிகொடுத்தவனுக்கு என்ன ஸார் இருக்கிறது?" என்று நண்பர் கேட்டார்.

எனக்குத் தெரிந்த வக்கீல் ஒருவரிடம் விசாரித்தேன். 1898-ஆம் வருஷத்துப் பழைய சட்டத்தில் இப்படி ஒரு பிரிவே கிடையாதாம். செல்வாக்குள்ளவர்கள் தங்கள் விரோதிகள்மீது பொய் வழக்குப் போட்டு, நாலு நாளாவது சிறையில் வைத்து மானத்தை வாங்குகிறார்கள் என்று 1969-ல் சட்டக் கமிஷன் எடுத்துச் சொல்லிற்று. அதனால் 1973-ஆம் வருஷச் சட்டத்தில் 438-வது பிரிவாக இது நுழைந்தது. 2024 ஜூலை முதல் அமலில் இருக்கும் புதிய சட்டத்தில் அதுவே 482-வது பிரிவு.

"ராஜ்ய எல்லை?" என்றேன்.

"2023 நவம்பரில் சுப்ரீம் கோர்ட்டு வழி சொல்லிவிட்டது. தக்க காரணம் இருந்தால், ஒருவன் இருக்கும் இடத்துக் கோர்ட்டு கொஞ்ச நாளைக்குப் பாதுகாப்புத் தரலாம். அதற்குள் வழக்குள்ள இடத்துக் கோர்ட்டுக்கு அவன் வந்துதான் ஆக வேண்டும். அப்புறம், இது விடுதலைப் பத்திரம் அல்ல. கூப்பிட்டபோது விசாரணைக்கு வர வேண்டும், சாட்சியை மிரட்டக் கூடாது என்றெல்லாம் நிபந்தனை உண்டு. பண மோசடி வழக்கில் இதை எளிதாகக் கொடுத்துவிடக் கூடாது என்று 2019-லும் சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கிறது. பணத்துக்கு வேறு வழி. நம் ராஜ்யத்தில் 1997-ல் வந்த முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டப்படி சொத்தை ஜப்தி செய்து பங்கிட வேண்டும். அதற்குக் காலம் ஆகும்."

நண்பரிடம் இதையெல்லாம் ஒப்பித்தேன். ஒன்றை மட்டும் சொல்லவில்லை. அதை இங்கே சொல்லிவிடுகிறேன்.

அவர் பணம் கட்டிய அன்று நான் அவர் வீட்டில் விருந்தாளி. "நாலும் படித்தவர் நீங்கள். என்ன நினைக்கிறீர்கள்?" என்று கேட்டார். 2012-ல் பெருந்துறையில் ஈமு கோழிக் கம்பெனி கவிழ்ந்து, தீனி போட ஆளில்லாமல் அந்தப் பறவைகள் பட்டினி கிடந்த செய்தி எனக்கு நினைவு வந்தது. வாயைத் திறந்தேன். அந்த அம்மாள் பாயசம் கொண்டுவந்து வைத்தாள். மருமகன் எதிரில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தான். நல்ல நாளில் அபசகுனமாக எதற்கு என்று, "பேஷாகச் செய்யலாம்" என்றேன். பறிகொடுத்தவருக்கு முன்கூட்டியே கிடைத்திருக்கக்கூடிய பாதுகாப்பு அன்று என் நாக்கில்தான் இருந்தது. பாயசத்தோடு விழுங்கிவிட்டேன்.

போன வாரம் தங்கை வந்து அழுதாளாம். "அண்ணா, அவனும் ஏமாந்தவன்தான். என் நகையையும் அதில்தான் போட்டான். கோர்ட்டில் போய் எதையும் சொல்லிவிடாதே."

"என்ன செய்யப் போகிறீர்கள்?" என்று கேட்டேன்.

நண்பர் ரசீதுகளை ஒவ்வொன்றாக அடுக்கிக்கொண்டே பேசினார்: "சர்க்கார் வக்கீலிடம் தெரிந்ததைச் சொல்லப் போகிறேன். அவன் வாங்கிய கமிஷனையும் சொல்வேன், அவன் அம்மா நகை போனதையும் சொல்வேன். ஜெயிலா, வெளியிலா என்று ஜட்ஜ் பார்த்துக்கொள்ளட்டும். தெரிந்ததை மறைத்தேன் என்று மட்டும் இருக்கக் கூடாது."

எனக்குச் சுருக்கென்றது.

"துணைக்கு வருகிறீர்களா, ஸார்?"

அந்த அம்மாள் காபி கொண்டுவந்து வைத்தாள். அதைத் தொடுவதற்கு முன்பே "வருகிறேன்" என்று சொல்லிவிட்டேன். கோர்ட்டுக்குப் போகும் வழியில் மற்றதையும் அவரிடம் சொல்ல வேண்டும்.