இரண்டு நாளில் தொலைந்த 40 நாடுகள்

ஐலியாக் விரிகுடாவில் ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்குக் கிளம்புகிறவரிடம் வரைபடமே சில கேள்விகள் கேட்கும். பத்திரமாகப் போகிறீர்களா, அவசரமாகவா? இரவில் சத்திரத்தில் தங்குவீர்களா, வெட்டவெளியில் படுப்பீர்களா? தரைவழியா, கப்பலா? பதில் சொன்னதும், இத்தனை நாளாகும், இத்தனை பொற்காசு செலவாகும் என்று கணக்குப் போட்டுக் காட்டிவிடும். பெதஸ்டா நிறுவனம் 1996-இல் வெளியிட்ட ‘தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்: டாகர்ஃபால்’ என்ற கணினி விளையாட்டின் உலகம் இது. ஏறத்தாழ 15,000 இடங்களைக் கொண்ட இந்தப் பரப்பைக் கால்நடையாகக் கடக்க முயன்றால் பொழுது போய்க்கொண்டே இருக்குமே தவிர, ஊர் வந்து சேராது. வடகரையில் டாகர்ஃபால் நகரம், கிழக்கு மூலையில் ஆறு கலக்குமிடத்தில் வேரெஸ்ட், தென்கரையில் ரெட்கார்டு மக்களின் பாலைவனத் துறைமுகம் சென்டினல். நடுவே பால்ஃபியரா தீவில் அடமன்டைன் கோபுரம் நிற்கிறது. தேவர்கள் கூடிப் பேசியதும், காலம் ஒழுங்காக ஓடத் தொடங்கியதும் அங்கேதான் என்பது அவ்வுலகத்துப் புராணம். அங்கே நாள் கணக்கில்லாமல் எதுவும் நடக்காது. சத்திரத்து அறைக்கு நாள் வாடகை. ஏற்றுக்கொண்ட வேலைக்குக் கெடு. கெடு தப்பினால் வேலை கொடுத்தவரிடம் மதிப்புக் குறையும். காலத்தை இவ்வளவு கறாராக எண்ணிய இந்த நாட்டில்தான் காலமே உடைந்தது.

உடைத்தது நியூமிடியம் என்ற பித்தளைப் பூதம். அதை ஏவும் சாவி ஒரு சிறு பொருள். விளையாட்டின் முடிவில் அதை ஏழு தரப்பில் ஒருவரிடம் கொடுக்கலாம்: பேரரசு, டாகர்ஃபால், வேரெஸ்ட், சென்டினல் என்ற மூன்று பெரிய நாடுகளின் ஆட்சியாளர்கள், ஓர்க் இனத்தின் அரசன் கோர்ட்வோக், பிணமந்திரவாதி மன்னிமார்கோ, சாகாமல் தவிக்கும் பாதாள மன்னன். யாருக்குக் கொடுத்தாலும் அவர் நினைத்தது நடக்கும். அடுத்த பாகங்கள் எழுதப்பட்டபோது இதில் எந்த முடிவை உண்மை என்று வைப்பது? எல்லாவற்றையுமே வைத்துவிட்டார்கள். மூன்றாம் யுகம் 417-ஆம் ஆண்டு, ஃப்ராஸ்ட்ஃபால் மாதம் 9-ஆம் தேதி விரிகுடாவைச் சுற்றி 44 நாடுகள் இருந்தன. 11-ஆம் தேதி நான்குதான் இருந்தன. அவை சந்திக்கும் எல்லைகளெல்லாம் பாழாகிக் கிடந்தன, படைகள் இன்னும் மோதிக்கொண்டிருந்தன. 2006-இல் வந்த ‘ஒப்ளிவியன்’ விளையாட்டில் கிடைக்கும் ஒரு நூல் இதைச் சொல்கிறது. எழுதியவர் பேரரசின் உளவுப் படையான பிளேட்ஸின் ஆவணக் காப்பாளர் என்பதை மறக்காமல் படிக்க வேண்டும். காலத்தின் கடவுள் அகாடோஷ் டிராகன் வடிவினர் என்பதால், இப்படி நேர்வதை ‘டிராகன் முறிவு’ என்கிறார்கள்.

கதாசிரியர்கள் முடிவெடுக்கப் பயந்து போட்ட ஒட்டு இது என்பார்கள். ஒட்டுத்தான், மறுக்கவில்லை. ஆனால் ஒட்டுப் போட்ட இடத்தில் துணி வேறொன்றாகிவிட்டது என்பது என் கட்சி. பேரழிவுக் கதைகளில் பொதுவாக ஒரு நாசகாரன் இருப்பான். அவனைத் தேடிப் போகலாம், தண்டிக்கலாம். முறிவுக்கு முந்தைய டாகர்ஃபால் நகரம் அப்படிப்பட்டதுதான். இருட்டியதும், கொல்லப்பட்ட அரசன் லைசாண்டஸின் ஆவி பேய்ப்படையோடு தெருவில் அலையும். பழிக்குப் பழி என்ற கூச்சல் சந்துபொந்தெல்லாம் கேட்கும். அவன் செத்தது ஒரே களத்தில், ஒரே ஒருமுறை, ஒருவன் செய்த துரோகத்தால். அதனால்தான் அந்தக் கூச்சலுக்கு ஒரு முகவரி இருந்தது, விளையாடுபவராலும் கொலைகாரனைக் கண்டுபிடிக்க முடிந்தது. 417-இல் அழிந்த 40 நாடுகளின் ஆவிகள் யார் பெயரைச் சொல்லிக் கத்துவது? பூதத்தை ஏவியது வேரெஸ்ட்தான், இல்லை, சென்டினல்தான், இல்லை, பேரரசேதான். எல்லாமே உண்மை. ஒரே சர்வே எண்ணுக்கு ஏழு பேர் பட்டா வைத்திருந்து, ஏழும் செல்லும் என்று தீர்ப்பானது போல. காலம் உடைந்தால் ஆண்டுகள் தொலைவதைவிட, ‘இதைச் செய்தது நீ’ என்று சொல்லும் உரிமை தொலைவதே பெரிய இழப்பு. பேரரசு இதற்கு என்ன பெயர் வைத்தது என்று பாருங்கள்: ‘அமைதி அற்புதம்’. கலகலத்துக் கிடந்த 44 நாடுகளுக்குப் பதில் தன் ஆதிக்கத்தை ஏற்கும் நான்கு நாடுகள் கிடைத்தவர்கள் வேறென்ன பெயர் வைப்பார்கள்?

எல்லாமே நடந்ததென்றால் எதற்குமே விலை இல்லையே, பாதாள மன்னனுக்கு விடுதலையும் மன்னிமார்கோவுக்குக் கடவுள் பதவியும் சேர்ந்தே கிடைத்துவிட்டனவே என்று கேட்கலாம். கனமான கேள்விதான். மன்னிமார்கோ வானில் ஒரு நிலவாகவும் ஆனான். ஒப்ளிவியனில் ஒரு குகையில் கையால் கொல்லக்கூடிய மந்திரவாதியாகவும் உட்கார்ந்திருக்கிறான். ஆனால் ஆசைப்பட்டது கிடைத்தவர்களின் பட்டியலை ஒருமுறை பார்த்தால் போதும்: எல்லோரும் சாவியைக் கேட்கும் இடத்தில் இருந்தவர்கள். கேட்கும் இடத்தில் இல்லாத சிற்றரசுகளுக்கு ஏழு வரலாறுகளில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. சாத்தியங்கள் எல்லாம் ஒன்றாகக் கொட்டியபோதும் யாருக்குக் கொட்டின என்பதில் பழைய அதிகாரக் கணக்கே செல்லுபடியானது. விலை இல்லாமல் போகவில்லை. விலை கொடுத்தவர்கள் கதைக்குள் இல்லை.

என் வாதத்தை உண்மையில் இடிக்கக்கூடியவர்கள் ஓர்க்குகள். மற்ற இனங்கள் அருவருத்து ஒதுக்கிய அவர்களுக்கு ரோத்கேரியன் மலையில் ஓர்சினியம் என்ற நாடு அங்கீகாரத்தோடு கிடைத்தது இந்த முறிவால்தான். அவர்களைப் பொறுத்தவரை அற்புதம் என்ற சொல்லில் பொய்யில்லை; ஒழுங்காக ஓடிய காலம் அவர்களுக்கு அதைக் கொடுத்திருக்காது. இதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். கூடவே இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்த அங்கீகாரத்துக்கு வரலாறு இல்லை. யாரும் உட்கார்ந்து பேசி, தோற்று, விட்டுக்கொடுத்து, கையெழுத்திட்டதல்ல அது. பக்கத்து நாட்டுக்காரர்கள் ஒருநாள் விழித்தெழுந்தபோது எல்லை அங்கே இருந்தது, அவ்வளவுதான். நான்காம் யுகம் தொடங்கிப் பேரரசின் பிடி தளர்ந்ததும் வடகரையின் பிரெட்டன் மக்களும் ரெட்கார்டுகளும் சேர்ந்து ஓர்சினியத்தைச் சூறையாடினார்கள். அந்த முறை காலம் ஒழுங்காகத்தான் ஓடிக்கொண்டிருந்தது. செய்தவர்கள் யாரென்றும் எல்லோருக்கும் தெரியும்.