விழுந்த தொப்பி

மேளம் அடித்துப் படை நடத்தும் விளையாட்டு ஒன்று இருக்கிறது. பெயர் பட்டாபொன். 2007 டிசம்பரில் ஜப்பானில் சொனி நிறுவனம், கையில் வைத்து விளையாடும் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள் கருவிக்காக இதை வெளியிட்டது. ஒற்றைக் கண்ணுள்ள சின்னஞ்சிறு கறுப்பு உருவங்கள். சொந்த நிலத்திலிருந்து துரத்தப்பட்ட குலம் அது. விளையாடுகிறவர்தான் அவர்களின் தெய்வம். அந்தத் தெய்வத்திடம் இருப்பது மேளம் மட்டுமே.

கருவியில் நாலு பொத்தான்கள், நாலு மேளங்கள். "பட்டா பட்டா பட்டா பொன்" என்று அடித்தால் படை முன்னே நடக்கும். "பொன் பொன் பட்டா பொன்" என்றால் தாக்கும். அடித்த பிறகு அடுத்த நாலு தட்டுக்குக் கையை எடுத்துவிட்டுப் பொறுத்திருக்க வேண்டும். அந்நேரம் அவர்கள் அதே சொற்களைப் பாடிக்கொண்டு சொன்னதைச் செய்வார்கள். அவசரப்பட்டுத் தட்டினால் தாளம் குழம்பிவிடும். தவறாமல் தொடர்ந்தால் படைக்கு உருவேறும். நம் கோவில்களில் உடுக்குச் சத்தத்துக்கு உரு வருவதைப் பார்த்தவர்களுக்கு இது புதிதாகத் தெரியாது.

துவக்கு விளையாட்டுகளை எங்கள் வீட்டில் விடுவதில்லை. அக்காவின் மகன் கனடாவிலிருந்து வந்தபோது, மேளச் சத்தம்தானே என்று இதை விட்டேன். அம்மா பக்கத்தில் இருந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார்.

படையில் ஒருவன் செத்தால் அவனுடைய தொப்பி நிலத்தில் விழும். அதை எடுத்துவந்து ஒரு மரத்திடம் கொடுத்தால் அவன் திரும்பவும் பிறப்பான்.

"தொப்பி கிடைச்சால் போதும் சித்தி, ஆள் வந்திடுவான்" என்றான் பிள்ளை.

அம்மாவின் கை நின்றுவிட்டது. தம்பி காணாமற்போனது 2009 இல். அவனுடைய இரண்டு சேர்ட்டுகளை அம்மா இன்றைக்கும் வெயிலில் காயப்போட்டு மடித்து வைக்கிறார்.

கொஞ்ச நேரம் கழித்து அம்மா கேட்டார், "மற்றப் பக்கத்துப் பெடியன் செத்தால்?"

"அவங்கட தொப்பி விழாது அம்மம்மா. காசு விழும்."

மற்றப் பக்கத்தவர் சிகொட்டொன்கள். பட்டாபொன்கள் தேடிப்போவதைக் கண்டுவிட்டால் உலகம் அழியும் என்று பயந்து மறிக்கிறவர்கள். கதையில் அவர்களுக்கும் ஒரு நியாயம் வைத்திருக்கிறார்கள். மரம் மட்டும் வைக்கவில்லை.

"அவையளுக்கும் தாய்மார் இருப்பினம்தானே" என்றார் அம்மா. பிள்ளைக்குப் பதில் தெரியவில்லை. அந்த இடைவெளியில் தாளம் தவறிப் படை நின்றுவிட்டது.