கூப்பிட்டால் வராத நாய், பறக்கத் தெரியாத பறவை!

நியூசிலாந்தின் வடக்கில், பைஹியா என்ற கடற்கரை ஊருக்குப் பக்கத்தில் இருக்கிறது வைடாங்கி. 1840-ல் மவோரி தலைவர்களும் பிரிட்டிஷாரும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட இடம். வருகிறவர்களில் பலர் அந்த மைதானத்தைப் பார்த்துவிட்டுப் படகு சவாரிக்குக் கிளம்பிவிடுகிறார்கள். பின்னால் இருக்கும் பைன் காட்டுக்குள் போகிறவர்கள் பெரும்பாலும் மலை சைக்கிள் பிரியர்கள்தான்.

அந்தக் காடு கிவிகளின் வீடு. கோழி அளவு உடம்பு, நீண்ட அலகு, அதன் நுனியில் மூக்குத் துவாரம். பகலெல்லாம் பொந்தில் தூக்கம். இரவில் மண்ணைக் கிளறிப் புழு வேட்டை.

1987-ல் இங்கே கிவிகள் அடுத்தடுத்துச் செத்துக் கிடந்தன. காரணம், ஒரே ஒரு பெண் ஜெர்மன் ஷெப்பர்டு நாய். கழுத்தில் பட்டைகூட இருந்தது. யாரோ வளர்த்த நாய்! சில வாரங்களில், காட்டிலிருந்த சுமார் 900 கிவிகளில் 500 வரை அது கொன்றிருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். அந்த நாயைச் சுட்ட பிறகுதான் சாவு நின்றது.

பறக்கும் பறவைகளின் நெஞ்சில் இருக்கும் பலமான எலும்பும் தசையும் கிவிக்கு இல்லை. நாய் விளையாட்டாகக் கவ்வினாலே நெஞ்சுக்கூடு நொறுங்கிவிடும். போதாக்குறைக்கு, நாயைச் சுண்டி இழுக்கும் வாசனை வேறு. அந்த வாசனை பிடித்துவிட்ட நாய், எஜமானர் தொண்டை கிழியக் கத்தினாலும் திரும்பாது.

அதனால்தான் இந்தப் பகுதியில் நாய்களுக்கு ஒரு வினோத வகுப்பு நடக்கிறது. நாயின் கழுத்தில் எலெக்ட்ரானிக் பட்டை. பயிற்சியாளர் கையில் ரிமோட். போகும் வழியில் பாடம் செய்த கிவி, இறகு, எச்சம் என்று வைத்திருப்பார்கள். நாய் ஆர்வமாக மூக்கை நீட்டும் நொடியில் சுருக்கென்று ஒரு ஷாக். அடுத்த முறை அந்த வாசனை வந்தாலே பல நாய்கள் சுற்றி வளைத்து ஓடுகின்றன.

இதே பட்டையை, 'கூப்பிட்டால் ஓடிவர' பழக்கவும் பலர் வாங்குகிறார்கள். சிக்கலே அங்கேதான். எதிரில் குழந்தை நிற்கும்போது தவறான நொடியில் பட்டனை அழுத்தினால், வலி கொடுத்தது குழந்தைதான் என்று நாய் நினைத்துக்கொள்ளலாம். கூப்பிட்ட எஜமானரைக் கண்டே பயப்படவும் கூடும். பிரிட்டனின் வேல்ஸ் பகுதி 2010-லேயே ஷாக் பட்டைகளுக்குத் தடை போட்டுவிட்டது. கூப்பிட்டால் வர வைக்க நீளமான கயிறும், கொஞ்சம் தின்பண்டமும், நிறையப் பொறுமையும் போதும். பட்டையைவிட அதுவே நல்லது.

கிவி வகுப்பில் அந்தக் குறையையே சாதகமாக்கிக்கொள்கிறார்கள். ஷாக் அடித்தது பறவைதான் என்று நாய் நம்ப வேண்டும். அதனால் அந்த நேரத்தில் உரிமையாளர் 'வா' என்றோ 'வேண்டாம்' என்றோ வாயைத் திறக்கக் கூடாது. கூப்பிட ஆளே இல்லாத இரவிலும் நாய் விலகிப்போக வேண்டுமே!

ஆனாலும், சான்றிதழ் வாங்கிய நாய் என்று அவிழ்த்துவிட முடியாது. பழகிய பாடம் நாளாக நாளாக மங்கும், மறுபடி சோதிக்க வேண்டும். இருட்டியதும் நாயைக் கட்டிப்போடுங்கள் என்றுதான் நியூசிலாந்தின் இயற்கைப் பாதுகாப்புத் துறையும் சொல்கிறது.

ஆண்டுதோறும் குளிர்காலம் தொடங்கும்போது, இந்த வட்டாரத் தன்னார்வலர்கள் காட்டோரம் இருட்டில் உட்கார்ந்து கிவிகளின் குரலை எண்ணுகிறார்கள். விசில் மாதிரி கீச்சென்று ஏறினால் ஆண். கரகரவென்று பதில் வந்தால் பெண்.