தோற்றவரும் ஊர்க்காரர்தான்

"கிறீஸ் கூடினா ஒருத்தனும் ஏறமாட்டான் தம்பி. குறைஞ்சா முதல் குழுவே ஏறிக் கொடியப் புடுங்கிரும். மறுகா சனம் என்னத்தப் பாக்கிற?"

கொக்கட்டிச்சோலைக்கு அப்பால், மட்டக்களப்பு வாவியின் படுவான்கரையில் ஒரு சிற்றூர். மறுநாள் சித்திரைப் புத்தாண்டு விளையாட்டு விழா. மைதானத்தின் நடுவே நீளமான கமுகு ஒன்றைக் கிடத்திவைத்துக்கொண்டு விளையாட்டுக் கழகத் தலைவர் இதைச் சொன்னார். தொழிலால் அவர் மேசன். ஊரில் வழுக்குமரம் தயாரிக்கும் வேலை அவரை விட்டு வேறெவர் கைக்கும் போனதில்லை. கமுகின் வளையத் தழும்புகளைக் கத்தியால் சீவி, பிறகு போத்தல் ஓட்டால் சுரண்டி, உள்ளங்கையால் தடவிப் பார்த்து, தடக்கும் இடத்தைத் திரும்பவும் சுரண்டினார். அதன் பிறகுதான் கிறீஸ். அடியிலிருந்து ஆளுயரத்துக்கு மேல் வரை தடிப்பாக, நடுவில் சற்றுக் குறைவாக, கொடி கட்டும் நுனிக்குக் கீழே மிக மெல்லியதாகப் பூசினார்.

நுனியில் ஏன் இந்தத் தாராளம் என்று கேட்டேன். "அங்க வரைக்கும் போறவன் களைச்சிருவான். கொடிக்குக் கிட்டப் போய் விழுந்தா அவனுக்கும் கவலை, பாக்கிற சனத்துக்கும் கவலை."

தொலைக்காட்சிப் போட்டி நிகழ்ச்சிகளின் வகைகளைப் பற்றி எழுதுவதற்காகக் குறிப்புகள் சேர்த்துக்கொண்டிருந்த எனக்கு இந்தக் கணக்கு தலைகீழாகத் தெரிந்தது. 'கோடீஸ்வரன்' வகை நிகழ்ச்சியில் மேலே போகப் போகத்தான் வழுக்கல் கூடும். 1998இல் பிரித்தானியாவில் தொடங்கிய அந்த நிகழ்ச்சியின் மூலவடிவத்தில் பதினைந்து கேள்விகள். ஒவ்வொன்றாய் ஏறும்போது பின்னணி இசையும் அரைச்சுருதி அரைச்சுருதியாக ஏறும். விளக்குகள் இறங்கிப் போட்டியாளரின் முகத்தைச் சூழும். எந்த நாட்டில் எடுத்தாலும் கதிரை, வெளிச்சம், தொகுப்பாளர் மௌனமாயிருக்கும் நேரம் எல்லாம் எழுதிவைத்த கையேட்டின்படிதான். அந்தக் கையேட்டைத்தான் காசு கொடுத்து வாங்குகிறார்கள். 2000இல் இந்தியில் அமிதாப் பச்சன், அதையடுத்துச் சன் ரீவியில் சரத்குமார், 2012இல் விஜய் ரீவியில் சூர்யா, சிங்களத்தில் 'சிரச லக்ஷபதி' என்று ஒரே கதிரை ஊர் ஊராகப் போனது. கழகத் தலைவரிடம் கையேடு இல்லை. இருந்தால் அதன் முதல் பக்கத்தில் கிறீஸின் அளவுதான் இருக்கும்.

இன்னொரு நுட்பமும் இருக்கிறது. முதலில் ஏறும் குழு தோற்றே ஆகவேண்டும். அவர்கள் சறுக்கிச் சறுக்கி இறங்கும்போது சாரத்திலும் நெஞ்சிலும் கிறீஸ் ஒட்டிக்கொண்டு போய்விடும். இரண்டாவது குழுவுக்கு மரம் கொஞ்சம் இளகும். நான்காவது, ஐந்தாவது குழு ஏறும்போது மரம் மரமாகிவிடும். வென்றவனின் வெற்றியில் பாதி, தோற்றவனின் சாரத்தில் இருக்கிறது. அதனால் இந்த ஊரில் சீட்டுக் குலுக்கித்தான் வரிசை. முதல் சீட்டு எடுத்த குழுவுக்குப் பரிசுக் காசில் ஒரு பங்கு உண்டு. 'துடைச்ச கூலி' என்று பகிடியாகச் சொல்கிறார்கள். பகிடி என்றாலும் காசு கணக்குக் கொப்பியில் ஏறுகிறது.

விழா அன்று காலையில் மரதன் ஓட்டமும் சைக்கிள் ஓட்டமும் முடிந்துவிட்டிருந்தன. அவற்றைச் சொல்லி நேரத்தைப் போக்க வேண்டாம். முந்தி வந்தவன் வென்றான். பின்னேரம்தான் மைதானம் நிறைந்தது. தேசிக்காய் ஓட்டம், சாக்கோட்டம், பணிஸ் உண்ணல், முட்டி உடைத்தல், கிடுகு பின்னுதல், தேங்காய் துருவுதல், சங்கீதக் கதிரை, யானைக்குக் கண் வைத்தல், கடைசியில் கயிறு இழுத்தல். தலையணைச் சமரை மட்டும் வாவிக் கரையில், இடுப்பளவுத் தண்ணீருக்கு மேலே குறுக்காகக் கட்டிய மரத்தில் வைத்திருந்தார்கள். முதலைக்குடா என்று ஒரு ஊருக்கே பெயர் வைத்த வாவி இது. விழுந்தவர்கள் கரைக்கு ஓடி வந்த வேகத்தை அளந்திருந்தால் அதுவும் ஒரு போட்டியாகியிருக்கும்.

யானைக்குக் கண் வைக்கும் இடத்தில்தான் நான் அதிக நேரம் நின்றேன். கரும்பலகையில் வெண்கட்டியால் ஒரு யானை. கண்ணைக் கட்டி, மூன்று சுற்றுச் சுற்றிவிட்டு, கையில் வெண்கட்டியைக் கொடுக்கிறார்கள். சனம் கத்துகிறது: "இடப்பக்கம்! இடப்பக்கம் போ புள்ள!" இடப்பக்கம் போனால் வால். சூர்யாவின் அரங்கில் பார்வையாளரிடம் உதவி கேட்டால் அவர்கள் தெரிந்ததை உண்மையாகச் சொல்வார்கள். அந்த உதவி பெரும்பாலும் சரியாகவே இருக்கும் என்பது அந்த நிகழ்ச்சியை ஆராய்ந்தவர்கள் கண்டது. இங்கே கூட்டத்தின் வேலை கெடுப்பது. கெடுக்கிறார்கள் என்று போட்டியாளருக்கும் தெரியும். கத்துகிறவர்களுள் தன் அக்கா குரல் எது, மச்சாள் குரல் எது, அவற்றுள் யார் உண்மை சொல்லக்கூடியவர் என்று இருட்டுக்குள் நின்று தெரிந்தெடுப்பதுதான் இந்த விளையாட்டு. வென்ற பெண்ணிடம் எப்படி என்று கேட்டேன். "மாமி சொன்னதுக்கு எதிர்ப்பக்கம் போனேன்" என்றார். மாமியும் பக்கத்தில் நின்று சிரித்துக்கொண்டிருந்தார். (யானை என்பது இந்தக் கரையில் பகிடிக்குரிய பிராணியில்லை. வயலையும் வளவையும் அழித்து ஆட்களைக் கொல்வது. அதற்குக் கண் வைப்பதில் ஒரு பழிவாங்கலும் இருக்கலாம்.)

தொலைக்காட்சியின் வடிவங்களை எண்ணினால் நீளமான பட்டியல் வரும். இழை பிரித்துப் பார்த்தால் அவற்றில் பல இந்த மைதானத்திலேயே கிடக்கின்றன. 1938இல் பிபிசி சொற்களுக்கு எழுத்துக்கூட்டும் போட்டியைத் தொலைக்காட்சியில் காட்டியது. தொலைக்காட்சிப் போட்டிகளில் அதைத்தான் முதலாவது என்பார்கள். அது பள்ளிக்கூட விளையாட்டு. 1962இல் பிரான்ஸில் 'ஆந்தர்வில்' என்ற நிகழ்ச்சி வந்தது. இரண்டு ஊர்களை எதிரெதிரே நிறுத்தி வழுக்கவிட்டு, தண்ணீருக்குள் விழவிட்டு, இளம் மாடுகளை உள்ளே விரட்டிவிட்டுச் சிரிக்கும் நிகழ்ச்சி. 1965இல் அதுவே பல நாடுகளின் ஊர்கள் மோதும் போட்டியாகி ஐரோப்பா முழுவதும் ஓடியது. நம் சித்திரை விழாவுக்குக் கமெரா பிடித்தால் அதுதான். 'டீலா நோ டீலா'வின் பெட்டிகள் அதிர்ஷ்டலாபச் சீட்டின் வாரிசு. ஜெயா ரீவியின் 'ஜாக்பாட்', சன் ரீவியின் 'தங்க வேட்டை' இரண்டும் நடத்துபவரின் பட்டுப்புடவைக்காகவும் பார்க்கப்பட்டன என்பதைச் சொல்லாமல் விட்டால் பொய்யாகிவிடும்.

'பிக் பொஸ்' எங்கிருந்து வந்தது? நான் சங்கீதக் கதிரையைக் காட்டுவேன். ஒவ்வொரு சுற்றிலும் ஒரு கதிரை குறையும், ஒருவர் வெளியே. 2019இல் இலங்கையிலிருந்து போன லொஸ்லியாவும் தர்ஷனும் சென்னையில் அந்த வீட்டுக்குள் இருந்தபோது இலங்கைத் தமிழ் வீடுகளில் இரவுச் சாப்பாட்டு நேரமே மாறிப்போனது. வாராவாரம் யார் வெளியே போவது என்பதுதான் அங்கே முதலீடு. போகிறவர் பெட்டியை இழுத்துக்கொண்டு வெளியேறும் காட்சியை நின்று நிதானமாக எடுப்பார்கள்.

இந்த ஊரில் சங்கீதக் கதிரையில் முதலாவதாக வெளியேறிய பெண், பாட்டுப் போடும் பையனுக்குப் பக்கத்தில் முதுகைக் காட்டி உட்கார்த்தப்பட்டார். அடுத்த சுற்றில் பாட்டை நிறுத்தும் சைகை அவருடையது. அவர் வெளியேற்றியவர் அதற்கடுத்த சுற்றில் அந்த இடத்துக்கு வந்தார். கடைசி இரண்டு பேர் ஒற்றைக் கதிரையைச் சுற்றும்போது, ஆட்டத்தின் கடிவாளம் மூன்றாவதாக வந்தவரின் கையில் இருந்தது. இதை யார் கண்டுபிடித்தது என்று விசாரித்தேன். ஒருவருக்கும் ஞாபகமில்லை. முன்பு பாட்டு நிறுத்தும் பையன் சொந்தக்காரருக்குச் சாதகமாக நிறுத்துகிறான் என்று சண்டை வந்ததாகவும், அதன் பிறகு இப்படி ஆனதாகவும் ஒரு அக்கா சொன்னார். சண்டையைத் தீர்க்க வந்த விதி, நல்ல விதியாகவும் அமைந்துவிட்டது.

அறிவிப்பாளர் பகலில் ஓட்டோ ஓட்டுபவர். மைக்கைப் பிடித்ததும் அவருடைய தமிழ் மாறிவிடுகிறது. உச்சரிப்புக் கூர்மையாகி, 'ழ'கரம் எழும்புகிறது. யாரைக் கேட்டுப் பழகினீர்கள் என்ற கேள்விக்கு விடை எனக்கு முன்பே தெரியும். இலங்கையில் மைக் பிடிக்கும் இந்த வயதுக்காரர் எவரும் சொல்லும் பெயர்தான்: பி. எச். அப்துல் ஹமீட். ஓர் எழுத்தைக் கொடுத்து அதில் தொடங்கும் பாடலைப் பாடவைக்கும் அவருடைய 'பாட்டுக்குப் பாட்டு' இலங்கை வானொலியில் வளர்ந்து சன் ரீவிக்குப் போனது. வெளிநாட்டு வடிவங்களை வாங்கிப் பழகிய தமிழ்த் தொலைக்காட்சிக்கு இங்கிருந்து போன வடிவம் அது. அப்துல் ஹமீடிடம் இவர் கற்றுக்கொண்டது உச்சரிப்பை மட்டுமல்லவாம்.

"பாட்டு வராம நிக்கிற பிள்ளையிட்ட அவர் எப்பிடிக் கதைப்பார் எண்டு கவனிச்சிருக்கிறீங்களா அண்ணன்? தோத்த ஆளும் சிரிச்சிற்றுத்தான் போகும். அதுதான் தொழில்."

அவர் அன்று செய்ததைப் பார்த்தேன். வழுக்குமரத்தில் முதல் குழு சரிந்தபோது, சிரிப்பு அடங்கும் முன்பே, "எமது கிராமத்தின் வழுக்குமரத்தைத் தங்கள் திருமேனியால் துப்புரவு செய்து தந்த வீரர்களுக்கு நன்றி" என்றார். விழுந்தவர்களே முதலில் கை தட்டினார்கள். இடையிடையே அனுசரணையாளர்களின் பெயர்களும் வந்தன: பலசரக்குக் கடை, வன்பொருள் கடை, ஒரு பேக்கரி. ஒலிபெருக்கிக்காரருக்கு வாடகை உண்டு; அறிவிப்பாளருக்கு எரிபொருள் காசு; மற்ற எல்லோரும் சும்மா வந்தவர்கள். பரிசுகள் பிளாஸ்ரிக் வாளி, தேத்தண்ணிக் கோப்பை, சுவர்க்கடிகாரம்.

வாசிகசாலைத் திண்ணையில் இருந்த முதியவர் ஒருவருக்கு இந்த விளையாட்டுகள் ஒன்றும் பெரிதாகப் படவில்லை. "இதெல்லாம் பொடியன்மாரிர விளையாட்டு மனே. நீ கொம்பு முறிச்சதப் பாத்திரிக்கியா?"

கொம்புமுறி மட்டக்களப்பின் கண்ணகி வழிபாட்டோடு சேர்ந்தது. ஊர் முழுவதும் வடசேரி, தென்சேரி என்று இரண்டாகும். வடசேரி கோவலன் பக்கம், தென்சேரி கண்ணகி பக்கம். வளைந்த வைரமரக் கொம்புகள் இரண்டை ஒன்றோடொன்று கொளுவி, கயிறு பூட்டி, ஒன்று முறியும் வரை இழுப்பார்கள். சிங்கள ஊர்களில் பத்தினி தெய்வத்துக்காக நடக்கும் 'அங்கெலிய'வும் இதன் உடன்பிறப்பு. அம்மனின் சினம் தணியவும், மழை வரவும், நோய் விலகவும் ஆடுவது. வென்ற சேரி ஊர்வலம் போகும். தோற்ற சேரியை வசைபாடும். கொடுமையான வசைதான். முதியவர் ஒன்றிரண்டைச் சொல்லிக் காட்டிவிட்டு, எழுதாதே என்றார்.

"மறுகா?" என்றேன்.

"மறுகா என்ன? அடுத்த நாள் வயலுக்கு ஒண்டாத்தான் போகணும். சேரி வேற எண்டாலும் தண்ணி ஒரே வாய்க்கால்லதான் வரும்."

முதியவர் சொன்னதைக் கேட்டபோது 1956இல் அமெரிக்காவில் நடந்தது நினைவுக்கு வந்தது. 'ருவென்ரி வன்' என்ற வினாவிடை நிகழ்ச்சியில் ஹேர்பர்ட் ஸ்டெம்பல் தொடர்ந்து வென்றுகொண்டிருந்தார். தயாரிப்பாளருக்கு அவருடைய முகம் போதுமென்றாகிவிட்டது. விடை தெரிந்த கேள்விக்கு, முந்தைய ஆண்டுக்கான ஒஸ்கார் வென்ற படம் எது என்பதற்கு, தெரிந்தே பிழையான விடை சொல்லித் தோற்கும்படி அவரிடம் சொன்னார்கள். தோற்றார். வென்ற சார்ள்ஸ் வான் டோரன் நாட்டின் செல்லப்பிள்ளையானார். விடைகள் தனக்கு முன்கூட்டியே தரப்பட்டன என்று 1959இல் அந்நாட்டு நாடாளுமன்றக் குழு முன் ஒப்புக்கொண்டார். மோசடியை வெளியில் கொண்டுவந்தவர்களுள் ஸ்டெம்பலும் ஒருவர். தோற்றவரை வெளியே அனுப்பிவிட்டால் கதை முடிந்தது என்று அந்தத் தயாரிப்பாளர் நினைத்திருக்கிறார். படுவான்கரையில் அப்படி நினைப்பதற்கு வசதியில்லை. இங்கே தோற்றவர் போவதற்கு வேறு ஊர் கிடையாது. அதனால் வடிவத்தை அமைக்கிறவருக்கு அவரும் ஒரு வேலையாகவே இருக்கிறார்.

கயிறு இழுத்தல் தொடங்கியபோது வெயில் தாழ்ந்திருந்தது. கோயிலடி ஆட்கள் ஒரு பக்கம், துறையடி ஆட்கள் மறுபக்கம். முதல் இழுப்பு துறையடிக்கு, இரண்டாவது கோயிலடிக்கு. கோயிலடியின் கடைசி ஆள் மண்ணுக்குள் புதைந்திருந்த கல்லில் குதியை ஊன்றினார் என்று துறையடி முறையிட்டது. நடுவர், ஒரு பாடசாலை ஆசிரியர், போய் மண்ணைத் தோண்டிப் பார்த்தார். கல் இருந்தது. வேண்டுமென்று வைத்ததா என்பதை எப்படித் தீர்ப்பது? இரண்டு பக்கமும் இடம் மாறி மூன்றாவது இழுப்பு இழுக்கட்டும் என்றார். இடம் மாறினார்கள். இப்போது துறையடியின் கடைசி ஆளும் அதே கல்லைத் தேடிக் குதியால் துழாவினார். சனம் முழுவதும் பார்த்துச் சிரித்தது.

மூன்றாவது இழுப்பில் கயிறு நடுவில் அறுந்து இரண்டு பக்கமும் மல்லாந்து விழுந்தது. யாருக்கு வெற்றி என்று அறிவிப்பாளர் கேட்க, பாலத்தடிப் பக்கமிருந்து வந்திருந்த விருந்தாளிகள் "கயிறுக்கு!" என்று கத்தினார்கள். நடுவர் சமநிலை என்று எழுதினார். சோடாப் பெட்டியை எண்ணிப் பிரித்தாயிற்று. பரிசாக வைத்திருந்த சுவர்க்கடிகாரத்தைப் பிரிக்க முடியாது. வாசிகசாலையில் மாட்டுவது என்று முடிவானது. பற்றரியைக் கோயிலடி வாங்குவதா துறையடி வாங்குவதா என்ற வாக்குவாதம், நான் மோட்டார் சைக்கிளை எடுக்கும்போதும் மைக்கில் போய்க்கொண்டிருந்தது.