கே.எக்ஸ். என்னும் இரண்டெழுத்து

சேலம், நாமக்கல் சமவெளியில் மெடிக்கல் கோடிங் எனப்படும் மருத்துவக் குறியீட்டுப் பணி இன்று பட்டதாரிகள் பலர் நாடும் வேலையாகிவிட்டது. ஜேடர்பாளையத்துத் தடுப்பணையில் காவிரியிலிருந்து பிரியும் ராஜவாய்க்காலை நம்பிக் கரும்பும் வெற்றிலையும் பயிரிடும் குடும்பங்களில் பிறந்து, திருச்செங்கோட்டிலோ குமாரபாளையத்திலோ உயிர்த்தொழில்நுட்பம், மருந்தியல், இயன்முறை மருத்துவம் என ஏதேனும் ஒன்றைப் படித்து முடித்தவர்கள், சேலத்து அலுவலகங்களிலும், 2020க்குப் பின் பலர் தம் வீட்டு மேசையிலுமாக, அமெரிக்க நோயாளிகளின் மருத்துவக் குறிப்புகளைப் படித்து அவற்றுக்குரிய குறிகளை இடுகின்றனர். இப்பணியின் பல கிளைகளுள் டி.எம்.இ. எனச் சுருக்கமாக வழங்கும் நீடித்துழைக்கும் மருத்துவக் கருவிகளின் கிளை, அறுவை சிகிச்சைக் கிளையைப் போலப் பெயர் பெற்றதன்று; ஆயினும் கோடர் எனப்படும் குறியிடுபவரின் படிப்புத்திறனும் நேர்மையும் ஒருங்கே சோதிக்கப்படும் இடம் அது, அதிலும் குறிப்பாகக் கனரக மின்சக்கர நாற்காலிக்கான க்ளைம், அதாவது காப்பீட்டுக் கோரிக்கை.

அமெரிக்காவில் 65 வயது நிறைந்தோருக்கும் நீண்டகால ஊனமுற்றோருக்கும் உரிய அரசுக் காப்பீடான மெடிகேர், கருவிகளை ஹிக்பிக்ஸ் என்னும் குறித்தொகுதியால் அடையாளம் காண்கிறது. ஓர் ஆங்கில எழுத்தும் நான்கு இலக்கங்களும் கொண்ட இக்குறிகளில் மின்சக்கர நாற்காலிகளுக்கு உரியவை கே0813 முதல் கே0899 வரை செல்லும் வரிசையில் அமைந்துள்ளன. இவ்வரிசை 2006 நவம்பர் 15 அன்று நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் கே0011 என்னும் ஒரே குறியின் கீழ் மிக வேறுபட்ட நாற்காலிகள் ஒரே விலைக்குப் பில் செய்யப்பட்டன. டெக்சாஸ் மாநிலத்தின் ஹூஸ்டன் நகரை மையமாகக் கொண்டு, நடக்க முடிந்தவர்கள் பெயரிலும் நாற்காலிக்குப் பணம் கோரப்பட்ட மோசடிகள் 2003இல் வெளிப்பட்டு, மெடிகேர் நிர்வாகம் அவற்றை ஒடுக்கத் தனி இயக்கமே நடத்த வேண்டியதாயிற்று. இன்று ஒரு கோடர் ஒரு நாற்காலிக்காக இத்தனை காகிதங்களைப் புரட்டுவதன் காரணம் அந்த வரலாற்றில் இருக்கிறது என்பதைப் பயிற்சி வகுப்புகள் பெரும்பாலும் சொல்வதில்லை. சொன்னால் விதிகள் மனப்பாடச் சுமையாக இராமல், காரணம் தெரிந்த கட்டுப்பாடுகளாக மனத்தில் நிற்கும்.

புதிய வரிசை நாற்காலிகளை முதலில் திறனால் பிரிக்கிறது. இரண்டாம் தொகுதி நாற்காலி மணிக்கு 3 மைல் வேகமும் 7 மைல் ஓட்டமும் 40 மில்லிமீட்டர் தடையை ஏறும் வலிமையும் குறைந்தபட்சமாகக் கொண்டிருக்க வேண்டும். மூன்றாம் தொகுதிக்கு இவை 4.5 மைல், 12 மைல், 60 மில்லிமீட்டர் என உயர்கின்றன. அடுத்த பிரிவு தாங்கும் எடையால் ஆனது. 300 பவுண்டு வரை, அதாவது ஏறத்தாழ 136 கிலோ வரை தாங்குவது சாதாரண வகை. 301 முதல் 450 வரை ஹெவி ட்யூட்டி எனப்படும் கனரகம். 451 முதல் 600 வரை வெரி ஹெவி ட்யூட்டி. 601உம் அதற்கு மேலும் எக்ஸ்ட்ரா ஹெவி ட்யூட்டி. இதன்மேல் இருக்கையின் அமைப்பும் சேர, இரண்டாம் தொகுதியில் கனரக நாற்காலி துணித்தொட்டில் போன்ற அல்லது கெட்டியான இருக்கையுடன் இருந்தால் கே0824 எனவும், மெத்தை வைத்த கேப்டன் இருக்கையுடன் இருந்தால் கே0825 எனவும் குறிக்கப்படுகிறது.

வண்டியின் ஆர்.சி. புத்தகத்தில் பதிந்துள்ள பளுவும் எடைமேடைச் சீட்டில் விழும் எடையும் வெவ்வேறு என்பது நாமக்கல்லில் லாரித்தொழில் அறிந்த எவருக்கும் சொல்ல வேண்டாதது. நாற்காலிக் குறியிலும் அதே வேறுபாடு நிலவுகிறது. குறி சுட்டுவது நாற்காலி தாங்கக்கூடிய எடையை. மெடிகேர் கேட்பதோ அதில் அமர்பவரின் எடையை. இவ்விரண்டையும் இணைக்கும் விதி, அமர்பவரின் எடை நாற்காலியின் தாங்குதிறனுக்கு மேற்படாமலும், அதற்கு அடுத்த கீழ்வகையின் உச்சவரம்பில் 95 விழுக்காட்டுக்குக் குறையாமலும் இருக்க வேண்டும் என்கிறது. ஆகவே கனரக நாற்காலி 285 முதல் 450 பவுண்டு வரை உள்ளவருக்கும், அடுத்த வகை 428 முதல் 600 வரை உள்ளவருக்கும், கடைசி வகை 570உம் அதற்கு மேலும் உள்ளவருக்கும் ஏற்கப்படுகிறது. வரம்பை ஒட்டி நிற்கும் ஒருவர், எடை சிறிது கூடினாலும் சட்டகம் வளையாத நாற்காலியைப் பெற வேண்டும் என்ற அக்கறை இந்த 95 விழுக்காட்டில் தெரிகிறது. விதி எழுதியவர்கள் உடலை நினைத்து எழுதிய அரிய இடங்களுள் இது ஒன்று.

இந்த எடையைக் கோடர் எங்கே காண்கிறார் என்பதில்தான் தொழில் நுட்பம் அடங்கியுள்ளது. ஒரே நோயாளியின் கோப்பில் செவிலியர் பதிந்த அளவுகளில் ஓர் எடையும், மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பிய நாளின் சுருக்கத்தில் இன்னோர் எடையும், சிகிச்சையாளர் அறிக்கையில் நோயாளி வாய்மொழியாகச் சொன்ன மூன்றாம் எடையும் இருக்கக்கூடும். ஒன்று கிலோவிலும் மற்றொன்று பவுண்டிலும் இருக்க, அலகே எழுதப்படாமல் 141 என்று மட்டும் நின்றால், அதைப் பவுண்டு எனக் கொள்பவர் சாதாரண வகைக்கும், கிலோ எனக் கொள்பவர் 311 பவுண்டு என்று கணித்துக் கனரகத்துக்கும் செல்வர். நல்ல கோடர் உயரத்தையும் உடல்நிறைக் குறியெண்ணையும் பக்கத்தில் வைத்துப் பார்த்து, எந்த அலகில் கணக்கு ஒத்துவருகிறது என்று கண்டு, பின்னரும் ஐயம் எஞ்சினால் குறியிடாமல் கேள்வி எழுப்புகிறார். உடல்நிறைக் குறியெண் 40க்கு மேற்பட்டவர்களுக்கு இசட்68.41 முதல் இசட்68.45 வரை நோய்க்குறிகள் உண்டு. ஆயினும் பருமன் என்னும் நோயை மருத்துவர் தம் குறிப்பில் எழுதியிருந்தாலன்றி எண்ணை மட்டும் கொண்டு இவற்றை இட இயலாது. எண் சொல்வதை மருத்துவரின் சொல்லாக மாற்றும் உரிமை கோடருக்கு இல்லை.

நாற்காலியின் அடிப்படைக் குறிக்குள் என்னென்ன அடங்கும் என்பது புதியவர்கள் அதிகம் தடுமாறும் இடம். இடுப்புப் பட்டை, மின்கலச் சார்ஜர், சக்கரங்கள், கைத்தாங்கி, கால்தாங்கி ஆகியவற்றுடன், அதிக எடைக்காகச் சேர்க்கப்படும் வலுவூட்டிய கம்பிகள், தடித்த மெத்தையுறை, பெரிய மோட்டார், பற்சக்கரம் யாவும் அதே குறிக்குள் அடக்கம். விற்பனையாளரின் விலைப்பட்டியலில் இவை தனித்தனி வரிகளாக வந்தாலும் தனியாகப் பில் செய்தால் மறுக்கப்படும்.

இனி மாடிஃபையர். குறியின் பின்னால் ஒட்டும் ஈரெழுத்து அல்லது ஈரிலக்கச் சேர்க்கைக்கு இப்பெயர். சி.எம்.எஸ்.1500 என்னும் க்ளைம் படிவத்தில் ஒரு வரிக்கு நான்கு மாடிஃபையர்களுக்கே இடமுண்டு. கேப்டன் இருக்கையுள்ள கனரக நாற்காலியின் முதல் மாத வரி பெரும்பாலும் கே0825, ஆர்.ஆர்., கே.எச்., கே.எக்ஸ். என்று அமைகிறது. ஆர்.ஆர். என்றால் வாடகை. கே.எச். என்றால் முதல் மாதம். இரண்டாம், மூன்றாம் மாதங்களுக்கு அது கே.ஐ. ஆகவும், நான்கு முதல் பதின்மூன்று வரை கே.ஜே. ஆகவும் மாறுகிறது. 2011 ஜனவரி 1 முதல் இத்தகைய மின்நாற்காலிகளை முதல் மாதத்திலேயே முழுவிலைக்கு வாங்கும் வழி அடைக்கப்பட்டு, பதின்மூன்று மாத வாடகையே விதியாயிற்று. முதல் மூன்று மாதங்களுக்குக் கொள்முதல் விலையில் 15 விழுக்காடும், அடுத்த பத்து மாதங்களுக்கு 6 விழுக்காடும் வாடகையாக அமைய, அதன்பின் நாற்காலி நோயாளிக்கே உரியதாகிறது. தசைநார்ச் சிதைவு போன்ற நோய்களுக்குரிய, மின்விசையால் சாயவும் படுக்கவும் வசதியுள்ள சிக்கலான நாற்காலிகளுக்கு மட்டும் ஒரே தவணையில் வாங்கும் உரிமை நீடிக்கிறது; அங்கே புதியது என்பதற்கு என்.யு.வும், நோயாளி வாங்கவே விரும்பினார் என்பதற்கு பி.பி.யும் வருகின்றன.

மேற்கண்டவை அனைத்தும் நாற்காலியையும் காலத்தையும் சொல்பவை. கே.எக்ஸ். அவ்வாறன்று. மருத்துவக் கொள்கையில் கூறப்பட்ட நிபந்தனைகள் நிறைவேறியுள்ளன, அவற்றுக்கான ஆவணங்கள் கைவசம் உள்ளன என்று பில் செய்பவர் அரசுக்குத் தரும் உறுதிமொழி அது. மருத்துவர் நோயாளியை நேரில் கண்டு பரிசோதித்து, அதன்பின் ஆறு மாதத்துக்குள் எழுத்து ஆணை தந்திருக்க வேண்டும். அந்த ஆணை நாற்காலி வீடு சேருமுன் விற்பனையாளர் கையில் இருக்க வேண்டும். நோயாளியின் வீட்டுக் கதவுகள், திருப்பங்கள், தரை ஆகியவற்றில் நாற்காலி செல்லும் என்பதற்கு வீட்டை நேரில் பார்த்த அறிக்கை வேண்டும். கைத்தடியோ நடைச்சட்டமோ கையால் தள்ளும் நாற்காலியோ ஏன் போதாது என்பதற்கு மருத்துவரின் குறிப்பே சான்று தர வேண்டும். 2018 செப்டம்பர் 1 முதல் கே0825 உள்ளிட்ட 31 குறிகளுக்கு முன்அனுமதியும் கட்டாயமாயிற்று; அனுமதி கிடைத்தபின் தரப்படும் 14 இடங்கள் கொண்ட தடஎண் க்ளைமில் இடம்பெற வேண்டும்.

இவற்றில் ஒன்று குறைந்தாலும் கே.எக்ஸ். இடுவது பொய்யுறுதி. 1863ஆம் ஆண்டு, அமெரிக்க உள்நாட்டுப் போரில் இராணுவத்துக்குக் கெட்ட சரக்கு விற்றவர்களைத் தண்டிக்க இயற்றப்பட்ட பொய்க்கோரிக்கைச் சட்டமே இன்றும் இதற்குப் பொருந்துகிறது. இழப்பின் மும்மடங்கு வரை வசூலிக்க அதில் இடமுண்டு. எனினும் அன்றாட வேலையில் கே.எக்ஸ். விரல்பழக்கமாகிவிடும் ஆபத்து பெரிது. அது விடுபட்டால் க்ளைம் திரும்பி வருகிறது, இட்டால் கடந்துபோகிறது என்ற அனுபவமும், நாளொன்றுக்கு இத்தனை கோப்புகள் என்னும் இலக்கும் சேர்ந்து, காகிதத்தைப் படிக்குமுன்பே இரண்டெழுத்தைத் தட்டச்சு செய்யத் தூண்டுகின்றன. வேகத்தைக் கணக்கிடும் அலுவலகங்கள் கே.எக்ஸ். உள்ள கோப்புகளுக்குக் கூடுதல் நேரம் ஒதுக்குவதே முறை. ஒதுக்காத இடத்தில் தவற்றைக் கோடர் ஒருவர்மேல் மட்டும் சுமத்துவது நியாயமாகாது.

நிபந்தனை நிறைவேறாதபோது இடுவதற்கும் மாடிஃபையர்கள் உண்டு. அவை நாணத்துக்குரியவை அல்ல. பணம் கிடைக்காமற்போகலாம் என்பதை முன்கூட்டியே அறிந்து நோயாளி கையொப்பமிட்ட அறிவிப்பு இருந்தால் ஜி.ஏ.; இல்லையெனில் ஜி.இசட். இவ்விரண்டின் வேறுபாடு நோயாளியின் பையைத் தொடுவது: ஜி.ஏ. இட்ட வரி மறுக்கப்பட்டால் பொறுப்பு நோயாளியுடையது, ஜி.இசட். இட்டால் விற்பனையாளருடையது. 250 பவுண்டு எடையுள்ள ஒருவர் கனரக நாற்காலியே வேண்டுமென்று விரும்பிப் பெற்றால், கே0825 ஒரு வரியிலும், அவருக்கு மருத்துவ முறையில் உரிய சாதாரண கே0823 ஜி.கே. சேர்ந்து மறுவரியிலும் செல்லும். உண்மையை உள்ளபடி எழுதவும் இத்தொகுதியில் இடமிருக்கிறது என்பதற்கு இது நல்ல சான்று.

மெடிகேர் விதிகளுள் மிகக் கடுமையானதாகத் தோன்றுவது, நாற்காலியின் தேவை வீட்டுக்குள்ளேயே நிறுவப்பட வேண்டும் என்பது. கழிப்பறைக்குச் செல்லுதல், உண்ணுதல், உடுத்தல், குளித்தல், தன்னைச் சீர்செய்தல் ஆகிய செயல்களுக்கு வீட்டில் நடமாட இயலாமை மட்டுமே கணக்கில் வரும். தேவாலயத்துக்கோ கடைக்கோ செல்ல வேண்டும் என்று மருத்துவர் எழுதினால் அது தேவையை நிறுவாது. தமிழ்நாட்டிலோ மாற்றுத்திறனாளிகள் நலத்துறை தசைச்சிதைவு நோயாளிகளுக்கும் தண்டுவடம் பாதிக்கப்பட்டோருக்கும் மின்கலத்தில் இயங்கும் நாற்காலிகளை வழங்கும்போது இத்தகைய குறிவரிசை எதுவும் குறுக்கிடுவதில்லை. அடையாள அட்டையும் மருத்துவச் சான்றும் கொண்டு தரப்படும் அந்த நாற்காலி தெருவுக்கும் கல்லூரிக்கும் செல்வதற்கே பெரிதும் பயன்படுகிறது. வீட்டுவாசலைத் தாண்டுவது ஊனமுற்றவரின் வாழ்வில் ஆடம்பரம் அன்று என்ற அளவில், இங்குள்ள நோக்கு மேலானது. ஆயினும் எடைக்கேற்ற வகைப்பாட்டிலும் தேவையை எழுதிவைக்கும் ஒழுங்கிலும் அங்குள்ள முறையிலிருந்து கற்க வேண்டியது நிறைய உண்டு. அதை இங்கே கொண்டுவரும் அறிவு இச்சமவெளியின் கோடர்களிடமே இருக்கிறது.

ஆவணம் போதாத கோப்பை நிறுத்திவைப்பதும் கோடிங்கின் ஒரு பகுதியே. விற்பனையாளர் தாமே எழுதிய படிவமோ, பின்னர் கேட்டு வாங்கிய உறுதிக்கடிதமோ மருத்துவக் குறிப்புக்கு ஈடாகாது என்பதால், கோடர் எழுப்பும் கேள்வி மருத்துவரின் கோப்பை நோக்கியே இருக்க வேண்டும். க்ளைம் அனுப்ப, சேவை நாளிலிருந்து ஓராண்டு அவகாசம் உண்டு. மறுக்கப்பட்டால் முதல் மேல்முறையீட்டுக்கு 120 நாள். இந்த அவகாசத்துக்குள் வேலை முடிய வேண்டுமானால், 'ஆவணம் போதாது' என்று பொதுப்பட எழுதித் திருப்புவது உதவாது. எந்தத் தேதிக் குறிப்பில், எந்தப் பக்கத்தில், எடைக்கு அலகு இல்லையா, கைத்தடி ஏன் போதாது என்ற காரணம் இல்லையா என்று பெயர்சொல்லி எழுதினால்தான், மறுமுனையில் இருப்பவர் அதே நாளில் மருத்துவர் அலுவலகத்தை அழைத்துக் கேட்க முடியும்.