மறதி நதியின் அக்கரை

இறந்தவர் உலகில் லெத்தே என்றொரு நதி ஓடுகிறது. அதன் நீரை ஒரு வாய் பருகியவனுக்குப் பெற்ற தாயும், வளர்ந்த ஊரும், பட்ட துயரமும் நினைவை விட்டு அகன்றுவிடும் என்பது பண்டைக் கிரேக்கரின் நம்பிக்கை. மறுபிறவிக்குப் புறப்படும் ஆன்மாக்கள், மரமும் புல்லும் அற்ற கொடிய வெப்பச் சமவெளியொன்றைக் கடந்து வந்து, எந்தப் பாத்திரத்திலும் தங்காத நீரையுடைய ஆற்றங்கரையில் மாலைப் பொழுதில் தங்கி, ஆளுக்கோர் அளவு குடிக்கவேண்டுமென்று விதியிருக்க, விவேகமற்றவை அளவு மீறிக் குடித்தன என்று பிளேட்டோ தமது ‘குடியரசு’ நூலின் இறுதியில் எழுதுகிறார். பூர்வஜன்ம ஞாபகம் நமக்கு ஏன் இல்லை என்று கேட்டுப் பழகிய நமக்கு இக்கதை அந்நியமாகப் படுவதில்லை.

கிரேக்க நாட்டில் லெபதேயா என்ற ஊரில், திரோபோனியஸின் குகையில் குறி கேட்கச் செல்பவன் முதலில் மறதி ஊற்றின் நீரையும், அடுத்து ஞாபக ஊற்றின் நீரையும் அருந்தவேண்டும் என்பது சம்பிரதாயம். தாமே அங்குச் சென்று குறி கேட்ட பௌசானியஸ் என்ற யாத்திரிகர், கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் இதை விரிவாக எழுதிவைத்தார். குகையிலிருந்து மேலே வந்தவனை ஞாபகத்தின் ஆசனம் எனப்படும் இருக்கையில் அமர்த்தி, கண்டதையும் கேட்டதையும் விசாரித்தறிந்தபின், பயத்தால் தன்னையும் தன்னைச் சூழ்ந்தவரையும் அறியாத நிலையிலிருக்கும் அவனைப் பூசாரிகள் அவனுடைய சுற்றத்தாரிடமே ஒப்படைப்பார்களாம். இந்த ஒப்படைப்பு எனக்கு மிகவும் அர்த்தமுள்ளதாகப் படுகிறது.

ஆயினும் என் மனத்தை அதிகம் கவர்ந்தது, பூமியின்மேல் இன்றும் ஓடுகின்ற ஓர் ஆற்றை லெத்தே என்றே எண்ணி மனிதர் நடுங்கிய வரலாறு. ஸ்பெயினில் பிறந்து, போர்ச்சுகலின் வடபகுதி வழியே அட்லாண்டிக் கடலைச் சேரும் லீமா என்பது அந்த ஆறு. கி.மு. 138இல் ரோமாபுரியின் கான்ஸலாக இருந்த டெசிமஸ் யூனியஸ் புரூட்டஸ் (சீஸரைக் கொன்றவர்களுள் ஒருவரான புரூட்டஸ் அல்லர், அவருக்குக் காலத்தால் மிக முந்தியவர்) பின்னர் தம் படையுடன் அதன் கரையை அடைந்தபோது, எத்தனையோ போர்க்களங்களைக் கண்ட வீரர்கள் அந்நீரில் இறங்க அஞ்சி நின்றார்கள். கொடி பிடிப்பவன் கையிலிருந்த கொடியைப் பறித்துக்கொண்டு சேனாதிபதியே முதலில் கடந்தார் என்று லிவியின் சரித்திரச் சுருக்கம் கூறுகிறது. அதற்குமேல் நடந்ததாக அப்பிரதேசத்து மக்கள் வழிவழியாகச் சொல்லிவரும் கதையோ இன்னும் அழகானது: அக்கரையில் நின்ற புரூட்டஸ், தம் நினைவு அழியவில்லை என்பதைக் காட்டும் பொருட்டு, இக்கரையில் நின்ற வீரர்களைப் பெயர் சொல்லி ஒவ்வொருவராக அழைத்தாராம். தன் பெயரைக் கேட்டவன் அச்சம் நீங்கி ஆற்றில் இறங்கினான்.

அந்த நதிக்கு அப்பழி வந்ததற்கு ஸ்டிராபோ என்னும் பூகோள ஆசிரியர் வேறொரு காரணம் சொல்கிறார். அப்பகுதிக்குப் படையெடுத்துப் போன ஒரு கூட்டத்தார், ஆற்றைக் கடந்தபின் தமக்குள் பூசலிட்டு, தலைவனையும் இழந்து, ஊர் திரும்பாமல் அங்கேயே சிதறித் தங்கிவிட்டார்களாம். தங்களவரை மறந்தவர்கள் மனிதர்கள். பழி சுமந்தது நீர். இயற்கையின்மேல் நாம் ஏற்றியுள்ள மறதிக் கதைகளுள் பெரும்பாலானவை இப்படிப் பிறந்திருக்கும் என்பது என் அபிப்பிராயம்.

என் அத்தையின் கடைசிக் காலத்தில், எந்த ஆற்றையும் கடக்காமலே அவளுக்கு மறதி வந்து சேர்ந்தது. சிறு வயது முதல் என்னை “டேய்” என்று அதட்டியே அன்பு காட்டியவள், ஒருநாள் புடைவைத் தலைப்பைத் தோளில் இழுத்துவிட்டுக்கொண்டு, “வாங்க, உட்காருங்க, சாப்பிட்டீங்களா?” என்று மரியாதையாக விசாரித்தபோது, அந்த ‘ங்க’ என் ஹிருதயத்தைத் தைத்தது. பார்க்க வந்த உறவினர் ஒவ்வொருவரும் “என்னைத் தெரிகிறதா? யாரென்று சொல்லுங்கள் பார்ப்போம்” என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவள் “தெரியாமல் என்ன?” என்று சிரித்துவிட்டு, விரல்களால் பாயின் ஓரக் கோரையைப் பிய்த்துக்கொண்டே இருப்பாள். அவளுடைய மூத்த மருமகள் ஒருத்திதான், அறைக்குள் நுழையும்போதெல்லாம், “அத்தை, நான்தான் கமலா, உங்கள் மூத்த மருமகள், காப்பி கொண்டுவந்திருக்கிறேன்” என்று சொல்லிக்கொண்டே நுழைவாள். உடனே அந்த விரல்கள் பாயை விட்டுவிடும். “வாடி கமலா” என்பாள் அத்தை, தானே அடையாளம் கண்டுகொண்டவளைப்போல.

ஞாபகசக்தி குன்றிய பெரியவர்கள் உள்ள வீட்டுக்குச் செல்லும் அன்பர்களை நான் வேண்டிக்கொள்கிறேன்: அவர்களுக்குப் பரீட்சை வைக்காதீர்கள். வாசற்படி ஏறும்போதே உங்கள் பெயரையும் உறவையும் நீங்களே சொல்லுங்கள். அவர்களை என்ன முறை சொல்லி அழைத்து வந்தீர்களோ, அந்த முறை சொல்லியே கூப்பிடுங்கள்.