காலிமுகத் திடலில் நால்வகை நடை

மனிதர் நடக்கும் வகைகளைக் கண்டறிய விரும்புவோர் மாலை வேளையில் கொழும்பு காலிமுகத் திடலுக்குச் செல்வாராக. மேற்கே இந்து சமுத்திரம். தெற்கே 1864ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற காலிமுக ஹோட்டல். வடக்கே 1930ஆம் ஆண்டு திறக்கப்பெற்ற பழைய பாராளுமன்றக் கட்டடம். இவற்றிடையே ஏறத்தாழ அரைக் கிலோமீற்றர் நீளமுள்ள கடலோர நடைபாதை அமைந்துள்ளது.

தேசாதிபதி சேர் ஹென்றி வார்ட் 1856ஆம் ஆண்டு இப்பாதையைத் தொடங்கி, 1859ஆம் ஆண்டு நிறைவு செய்தார். கொழும்பு வாழ் பெண்கள், பிள்ளைகளின் நலன் கருதி இதனைப் பேணுமாறு தமக்குப் பின் வருவோரை வேண்டும் கல்வெட்டு ஒன்றையும் பொறிப்பித்தார்.

இங்கு நாம் முதலிற் காண்பது உலா. இறால் வடையைச் சுவைத்து, பட்டம் விடும் சிறுவரை வேடிக்கை பார்த்துக் குடும்பத்தினர் மெல்ல நடக்கின்றனர். மனத்துக்கு இதம் தரும் நடை இது. இருதயத்துக்கு இதனால் அதிக வேலையில்லை.

இரண்டாவது, ‘பவர் வோக்கிங்’ எனப்படும் நடை. நாம் இதனை வீறுநடை என்போம். ‘ஹேர்க்குலீஸ்’ திரைப்படத்தில் நடித்த ஆணழகர் ஸ்டீவ் ரீவ்ஸ், 1982ஆம் ஆண்டு இதற்கெனவே ஒரு நூல் எழுதினார். நிமிர்ந்த உடல், முன்னோக்கிய பார்வை, முழங்கையிற் செங்கோணமாக மடித்து வீசும் கைகள் ஆகியன இதன் அடையாளங்கள். குதிகால் முதலில் நிலத்தைத் தொட, விரல்கள் உந்தித் தள்ளும். எட்டி அடி வைத்தால் வேகம் தடைப்படும். ஆகவே அடிகள் குறுகியும் விரைந்தும் அமைதல் வேண்டும்.

மூன்றாவது ஓட்டம். ஓடுபவரின் இரு பாதங்களும் ஒவ்வோர் அடியிலும் ஒரு கணம் நிலத்தை விட்டெழும். மீண்டும் ஊன்றும்போது உடல் எடையைப் போல் இரண்டு, மூன்று மடங்கு விசை காலிற் தாக்கும். நடையிலோ ஒரு பாதமேனும் எப்போதும் நிலத்திலிருக்கும். தாக்கம் உடல் எடையைச் சிறிதே விஞ்சும். ஓட இயலாத முழங்கால்கள் வீறுநடையைத் தாங்குவது இதனாலேயே. அதற்காக அதனை எளிதென எண்ணிவிடலாகாது. மணிக்கு 8 கிலோமீற்றரைக் கடந்த வேகத்தில் நடப்பதற்கு, அதே வேகத்தில் ஓடுவதைவிடக் கூடுதலான உழைப்பு வேண்டும்.

நான்காவது வேகநடைப் போட்டி. திடலில் இதனைக் காண்பது அரிது. முன்வைத்த கால், நிலத்தைத் தொட்டது முதல் உடலுக்கு நேர்கீழே வரும்வரை முழங்காலில் மடியாதிருத்தல் இதன் விதி. வீறுநடைக்கு அத்தகைய விதியுமில்லை; நடுவருமில்லை. ஆடவர்க்கான வேகநடைப் போட்டிகள் 1908ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக்கில் நடைபெற்றன. பெண்களுக்கோ 1992ஆம் ஆண்டு பார்சலோனாவிலேதான் அவ்வாய்ப்புக் கிட்டியது.

வளர்ந்தோர் வாரத்தில் 150 முதல் 300 நிமிடங்கள் மிதமான உடலுழைப்பில் ஈடுபட வேண்டுமென உலக சுகாதார நிறுவனம் 2020ஆம் ஆண்டு அறிவுறுத்தியது. பேச முடிகிறது, பாட முடியவில்லை என்றால் அதுவே மிதமான அளவு. மணிக்கு 6 கிலோமீற்றர் வேகத்தில் இப்பாதையின் நீளத்தை ஆறு முறை நடந்தால் அரை மணித்தியாலம் நிறையும். வாரத்தில் ஐந்து நாள்கள் அவ்வாறு நடந்தால் 150 நிமிடங்களாகும். இருதய நோயுள்ளோர் வைத்தியரைக் கேட்டே தொடங்குக.

“அடுப்படிக்கும் முற்றத்துக்கும் நாள் முழுதும் நடக்கிறேனே, போதாதா?” எனத் தாய்மார் வினவுவர். அந்நடையும் நன்றே. ஆயினும் அது வீட்டாருக்கான நடை. மூச்சு உயரத் தமக்கென நடக்கும் அரை மணித்தியாலம் அவர்களுக்கும் உரியது. அந்நேரம் அடுப்பையும் பிள்ளைகளையும் வீட்டிலுள்ள மற்றையோர் பார்த்துக்கொள்வாராயின், அக்கல்வெட்டின் வேண்டுகோள் நம் இல்லங்களிலும் நிறைவேறியதாகும்.